கூரையில் பிறந்த ஊற்று

ஹார்ல்பரி வெல்ஸ் ஊரில், இருநூற்றைம்பது வருஷமாக வளைந்து நிற்கும் மாளிகை வரிசையின் உச்சி மாடியில், ஹெஸ்டர் குவில்லன் அம்மாளின் கட்டிலுக்கு நேர்மேலே கூரை ஒழுகியது. கட்டிலை நகர்த்த அறையில் இடமில்லை. காய்ந்த மெத்தையில் படுக்க வேண்டும், அவ்வளவுதான் அந்த அம்மாளின் ஆசை. அதற்காக மரபுப் பாதுகாப்பு அலுவலகத்துக்கு ஏழு மனு போட்டார்.

எட்டாவது மனுவுக்கு அதிகாரி பெவரில் ஸ்ட்ரௌட் நேரிலேயே எழுந்தருளினார்.

"நாலு ஓடு மாத்தினா போதும் சார்."

"தாராளமா மாத்தலாம்மா. ஆனா முதல்ல இந்தக் கூரைக்கு ஓடு வெட்டின அதே பழைய சுரங்கத்துக் கல்லுதான் போடணும்."

"அதை மூடி நூறு வருஷம் ஆச்சே!"

"மூடும்போது எங்களைக் கேட்டாங்களா?"

அப்போது ஒரு சொட்டு அவர் உதட்டில் விழுந்தது. நக்கிப் பார்த்தார். முகம் மலர்ந்தது.

"இரும்புச் சத்து!"

"துரு சார். மேல இரும்புக் கம்பி இத்துப்போய்க் கிடக்கு."

யார் கேட்டது? இரும்புச் சத்துக்குப் பேர்போன ஊரின் மருந்து ஊற்று வற்றி முப்பது வருஷம் ஆகியிருந்தது. தண்ணீர் குடிக்க வந்தவர்களுக்குக் காய்ந்த தொட்டியைக் காட்டித்தான் அனுப்பிக்கொண்டிருந்தார்கள். ஆகவே மேற்படி ஒழுகல் 'மரபுரிமை பெற்ற மேல்நிலை ஊற்று' என ஆணை பிறந்தது. பிளாஸ்டிக் வாளி போய்ப் பீங்கான் கிண்ணம் வந்தது. கட்டில் அந்தக் காலத்து மோஸ்தரில் இல்லை என்று வெளியேற்றப்பட்டது. ஹெஸ்டர் தரையில் படுத்தார்.

மழை பெய்தால் மாடிப்படி முழுக்க வரிசை. கீழ்வீட்டு டார்கஸ் விழுந்து விழுந்து சிரித்தாள். நாலாம் நாள் அவளே கோப்பையோடு வந்து நின்றாள்.

"சிரிச்சியேடி?"

"முழங்காலுக்குத்தான்டி. குடிச்சுப் பார்த்தா என்ன குறைஞ்சிடப் போகுது?"

இப்படி இருக்கையில், பக்கத்து வீட்டுக்கு வந்த கூரைக்காரர் கதவு எண்ணைத் தப்பாகப் பார்த்து, ஹெஸ்டரின் கூரையை அரைமணி நேரத்தில் சரிசெய்துவிட்டுப் போய்விட்டார். அடுத்த மழைக்கு ஒரு சொட்டு விழவில்லை. கட்டில் திரும்பி வந்தது. மெத்தை காய்ந்தே இருந்தது.

மூன்றாம் நாள் ஸ்ட்ரௌட் மூச்சிரைக்க ஓடிவந்தார். "மன்னிக்கணும்மா! அனுமதி இல்லாம சரியாயிடுச்சு. மறுபடி ஒழுக வைக்க மனு குடுங்க. எட்டே மாசத்துல உத்தரவு வாங்கித் தரேன்."

ஹெஸ்டர் அதற்குள் சுத்தியலைக் கையில் எடுத்திருந்தார்.

"எட்டு மாசமா? அந்தத் தண்ணியைக் குடிக்காம ரெண்டு நாளா இடுப்பு பிடிச்சுக்கிச்சு சார். நீங்க ஏணியைப் பிடிங்க, போதும்."

ஸ்ட்ரௌட் இடமும் வலமும் பார்த்தார். பிறகு, ஒரு கையால் தன் முதுகைத் தாங்கிக்கொண்டு, மறுகையால் ஏணியைப் பிடித்தார்.