இரண்டாம் குளிப்பை எழுதினது ஆர்?

போன தை மாதம் நான் ஒரு முடிவெடுத்தன். சாகிறதுக்கு முன்னம் ஒரு புத்தகத்திலையாவது என்ரை பேர் அச்சிலை வரவேணும். கோயில் நோட்டீசிலை வந்தது போதும். அதிலையும் போன வருசம் என்ரை பேருக்கு முன்னாலை 'அமரர்' எண்டு அடிச்சுவிட்டாங்கள். கேட்டால், "மன்னிக்கவேணும் ஐயா, அடுத்த முறை சரியா வரும்" எண்டு ஐயர் சொல்லுறார்.

முடிவுக்குக் காரணம் ஒரு இமெயில். கிரகாம் எண்டு ஒரு வெள்ளைக்காரன் எழுதியிருந்தான். எண்பதுகளிலை இங்கிலாந்திலை ஆக்கள் வீட்டுக்குள்ளை இருந்து எழுதி வித்த கொம்பியூட்டர் கேமுகளைப் பற்றிப் பெரிய புத்தகம் ஒண்டு போடுறானாம். அதிலை 'இரண்டாம் குளிப்பு' எண்ட கேமுக்கு மட்டும் முழுசா நாலு பக்கமாம். எழுதினவரைக் கன காலமாத் தேடிக்கொண்டு திரியிறானாம்.

எழுதினவர் நான்தான். பத்மநாதன், வயது அறுபத்தாறு, வீடு பிளேஸ்டோவிலை. முப்பத்தொரு வருசம் பெற்றோல் ஷெட்டிலை கண்ணாடிக்குப் பின்னாலை நிண்டு "எத்தினையாம் பம்ப்?" எண்டு கேட்ட மனிசன். அந்தக் கண்ணாடிக்கு முன்னாலை வந்த ஒரு சனத்துக்கும் தெரியாது, உள்ளுக்கு நிண்டு சூயிங்கம் எடுத்துக் குடுக்கிறது ஒரு படைப்பாளி எண்டு. என்ரை சொந்தப் பிள்ளையளுக்கே அது கணக்கில்லை. ஃபோனிலை எழுத்தைப் பெருப்பிக்கிறது எப்பிடி எண்டு கேட்டால், "அப்பா, விடுங்கோ, நான் செய்யிறன்" எண்டு பறிச்சு எடுப்பினம்.

1984. நான் பொலிரெக்னிக்கிலை படிச்சுக்கொண்டிருந்தன். கலியாணம் முடிஞ்ச புதுசு. நானும் மனுசி பாலாம்பிகையும் ஈஸ்ட் ஹாமிலை ஒரு அறையிலை இருந்தம். கிழமைக்கு ஆளுக்கு ஒரு குளிப்புத்தான் எண்டது வீட்டுக்காரியின்ரை சட்டம். ரண்டாம் தரம் துவாயைத் தோளிலை போட்டால், எங்கையிருந்துதான் வருவாவோ தெரியாது, மாடிப்படியிலை வந்து நிப்பா. அந்த வயித்தெரிச்சலிலை நான் எழுதினதுதான் அந்தக் கேம். ஒரு வாடகைக்காரன் துவாயோடை படியேறி, வீட்டுக்காரியின்ரை கண்ணிலை படாமல் குளிச்சுப்போட்டு வரவேணும். அவ்வளவுதான் கதை.

அந்த நாளையிலை கேமைக் கசெற்றிலையும் விப்பினம், புத்தகமாயும் விப்பினம். புத்தகம் எண்டால் வாசிக்கிற புத்தகம் இல்லை. கேமின்ரை கட்டளை எல்லாத்தையும் வரி வரியா நம்பர் போட்டு அச்சடிச்சிருக்கும். வாங்கின பிள்ளை வீட்டிலை குந்தியிருந்து அவ்வளவையும் எழுத்தெழுத்தாத் தன்ரை கொம்பியூட்டரிலை அடிக்கவேணும். அடிச்சு முடிச்சால் விளையாடலாம். நான் புத்தகமாத்தான் விட்டன். ஐந்நூறு பிரதி.

அதிலை ரண்டு பிழை நடந்தது.

முதல் பிழை விசாவாலை வந்தது. என்ரை பாஸ்போட்டிலை பெரிய சீல்: படிக்கலாம், வேலை செய்யக்கூடாது, வியாபாரம் செய்யவே கூடாது. பிடிச்சு அனுப்பிப்போடுவாங்களோ எண்ட பயத்திலை புத்தக அட்டையிலை மனுசியின்ரை பேரைப் போட்டன். அவ நேர்ஸ் படிக்க எனக்கு முன்னமே வந்து, நிரந்தர விசா எடுத்து வைச்சிருந்தவ. பேருக்குத்தான் எண்டு சொன்னன். அவ அட்டையைக் கனநேரம் பாத்துக்கொண்டு நிண்டா.

ரண்டாவது பிழையை நான் இண்டைக்கும் பிழை எண்டு ஒத்துக்கொள்ளுறேல்லை. நான் எழுதினதை நான் திருப்பி வாசிக்கிறேல்லை. சமைச்சவன் ருசி பாத்துக்கொண்டு நிண்டால் பந்திக்கு என்ன மிஞ்சும்? அச்சிலை முந்நூற்றி நாற்பதாம் வரி விடுபட்டுப்போச்சு. ஒரேயொரு வரிதான். குளியலறைக் கதவைத் திறக்கிற வரி.

கடிதம் வரத் தொடங்கிச்சு. 'ஐயா, எங்கடை வாடகைக்காரன் செவ்வாய்க்கிழமை குளிக்கப் போனவர். இண்டைக்கு வெள்ளி. இன்னும் வெளியாலை வரேல்லை. உயிரோடை இருக்கிறாரோ எண்டு அம்மா கேக்கச் சொன்னவ.' இப்பிடி இருநூறு கடிதம் வந்திருக்கும். இங்கிலாந்து முழுக்க உள்ள பொடியள் ஒவ்வொருத்தனின்ரை வீட்டிலையும் ஒரு மனிசன் குளியலறைக்குள்ளை அடைபட்டுக் கிடந்தான். எனக்குப் பொலிரெக்னிக்கிலை சோதினை நேரம். நான் ஒண்டுக்கும் பதில் போடேல்லை. அட்டையிலை பேர் உள்ளவ பாக்கட்டும் எண்டு விட்டிட்டன்.

இண்டைக்கும் நான் குளியலறையிலை ஐஞ்சு நிமிசம் கூட நிண்டால் வெளியாலை குரல் கேக்கும்: "என்னப்பா, முந்நூற்றி நாற்பது விட்டுப்போச்சோ?"

இப்ப விளங்குதே, கிரகாமின்ரை இமெயிலை நான் ஏன் மனுசிக்கு மறைச்சனான் எண்டு? அவ வாயைத் திறந்தால் நாலு பக்கமும் அந்தக் கதவைப் பற்றித்தான் வரும்.

ஆனால் கிரகாம் ஒரு கொக்கி போட்டான். அட்டையிலை பெண்ணின்ரை பேர் இருக்கு. எழுதினது நீங்கள்தான் எண்டு அவவின்ரை கையெழுத்தோடை ஒரு கடிதம் தாங்கோ, உங்கடை பேரையே போடுறன் எண்டான். நான் பக்கத்து வீட்டு ஸ்ரீதரனிட்டை ஓடினன்.

"ஸ்ரீதரன், மனுசியிட்டை ஒரு கையெழுத்து வேணும். ஆனால் அவ வாசிக்கக்கூடாது."

"ஐயோ, டிவோசோ அண்ணை?"

"சீ! என்ரை கேம் நான்தான் எழுதினது எண்டு ஒரு கடிதம்."

"உண்மைதானே? கேட்டு வாங்குங்கோவன்."

"கேட்டால் கதைப்பா."

"கதைச்சால்?"

"கதைச்சால் நான் தோத்துப்போவன்."

"அப்ப நாலைஞ்சு போமோடை சேத்து நீட்டுங்கோ. பார்க்கிங் பெர்மிட், டொக்டரின்ரை சர்ஜரிப் போம், அதுக்குள்ளை இதையும் செருகிவிடுங்கோ. ஆரும் வாசிக்க மாட்டினம். என்ரை வீட்டிலை அப்பிடித்தான் நடந்தது."

"உம்மடை மனுசி வாசிக்காமல் வைச்சவவோ?"

"அவ நீட்டினவ அண்ணை. நான்தான் வைச்சனான்."

அண்டு பின்னேரமே எங்கடை கொம்பியூட்டரிலை இருந்து நல்ல ஆங்கிலத்திலை கடிதம் எழுதி, பிறின்ரரிலை எடுத்தன். 'நான், பாலாம்பிகை பத்மநாதன், இதன் மூலம் உறுதிப்படுத்துவது' எண்டு தொடங்குது. சட்டத்தரணி எழுதின மாதிரி இருந்தது. சனிக்கிழமை காலமை அவ வடைக்கு உழுந்து அரைச்சுக்கொண்டு நிண்ட நேரமாப் பாத்துக் குசினிக்குள்ளை போனன்.

"இஞ்சரும், இதிலை மூண்டு கையெழுத்து வையும்."

"என்னத்துக்கு?"

"பார்க்கிங் பெர்மிட். சர்ஜரிப் போம். மற்றது கவுன்சில்."

"கவுன்சிலுக்கு இப்ப என்ன வேணுமாம்?"

"வீட்டிலை ஆர் ஆர் இருக்கினம் எண்டு கேக்கிறாங்கள்."

"ஆர் இருக்கினம்?"

"நீரும் நானும்தான், வேறை ஆர்?"

"நானும் இருக்கிறன் எண்டு கவுன்சிலுக்காவது தெரியட்டும். எங்கை என்ரை கண்ணாடி?"

"கண்ணாடி என்னத்துக்கு? கீழை கோடு கீறியிருக்கு. கோட்டுக்கு மேலை வையும்."

"கையெல்லாம் மாவப்பா. மேசையிலை வைச்சிட்டுப் போங்கோ, கழுவிப்போட்டு வைக்கிறன்."

கொஞ்ச நேரத்தாலை வடையும் வந்தது, மூண்டு கடதாசியும் ஒரு என்வலப்புக்குள்ளை மடிச்சு வந்தது. ஓரத்தை நீக்கிப் பாத்தன். கீழை அவவின்ரை கையெழுத்து, வளைவு சுழிவோடை, சுத்தமா இருந்தது. மிச்சத்தை நான் பாக்கேல்லை. நான் எழுதினதுதானே. அண்டைக்கு அந்த வடை தேவாமிர்தமா இருந்தது. நாற்பது வருசத்திலை முதன்முதலா மனுசியை நான் வெண்டிட்டன் எண்டு ஒரு வடை கூடவும் எடுத்தன்.

"கோட் எல்லாம் போட்டுக்கொண்டு எங்கை வெளிக்கிட்டாச்சு?"

"கவுன்சிலுக்கு."

"சனிக்கிழமையோ?"

"இப்ப சனிக்கிழமையும் திறக்கிறாங்கள்."

"நல்லது. எங்களுக்காகத்தானே கஷ்டப்படுறாங்கள்." சொல்லிக்கொண்டு என்ரை கோட் கொலரைச் சரியாக்கிவிட்டா. எனக்கு ஒரு கணம் பாவமாயும் இருந்தது.

கிரகாம் வால்தம்ஸ்டோவிலை ஒரு கஃபேயின்ரை மேல்மாடியிலை காத்துக்கொண்டு நிண்டான். ஐம்பது வயசு இருக்கும், தலையிலை மயிர் இல்லை, முகம் மட்டும் பள்ளிக்கூடப் பொடியன்ரை முகம். என்ரை கையைப் பிடிச்சுக் குலுக்கினவன் விடவே இல்லை. பதினொரு வயசிலை என்ரை புத்தகத்தை வாங்கி மூண்டு நாள் இருந்து ரைப் அடிச்சவனாம். எனக்குக் கண் கலங்கிப்போச்சு. கொண்டுபோன என்ரை பழைய புத்தகத்தை அவனிட்டைக் குடுத்தன். பிறகு ஒரு தடிச்ச பைலைத் திறந்தான்.

"இதுதான் என்ரை பொக்கிசம்" எண்டான். "இது மாதிரி இருபத்தாறு பேரிட்டை இருந்து சேத்து வைச்சிருக்கிறன்."

எல்லாம் கடிதம். நீல மை. அந்த எழுத்தை எனக்குத் தெரியாதோ? என்ரை ஃபிரிட்ஜிலை நாற்பது வருசமா 'பால் முடிஞ்சுது' எண்டு ஒட்டிற எழுத்து.

அவன் ஒண்டை வாசிச்சுக் காட்டினான். 'அன்புள்ள கிரகாம், உமது வாடகைக்காரர் உள்ளே மாட்டிக்கொண்டதற்கு வருந்துகிறேன். இந்த வரியைச் சேர்த்தால் வெளியே வருவார். அவர் இவ்வளவு நாள் பொறுத்ததற்காக, குளிக்கும்போது அவர் பாடுவதற்கும் ஐந்து வரி எழுதியிருக்கிறேன். முதலில் அம்மாவிடம் கேட்டுவிட்டு அடிக்கவும்.'

ஒவ்வொரு பொடியனுக்கும் ஒவ்வொண்டு. ஒருத்தனுக்கு வீட்டுக்காரி சவர்க்காரத்திலை வழுக்கி விழுவா. இன்னொருத்தனுக்கு வாடகைக்காரன் யன்னலாலை தப்பி ஓடுவான். லீட்ஸிலை இருந்த ஒரு பொடியனுக்குக் காய்ச்சல் எண்டு, வீட்டுக்காரியே சுடுதண்ணி கொண்டுவந்து குடுக்கிற மாதிரி அறுபது வரி. அப்ப மனுசி வார்ட்டிலை பன்னிரண்டு மணித்தியாலம் நிண்டுபோட்டு வந்து, கட்டில் ஓரத்திலை என்ரை கொம்பியூட்டர்ப் பாடப் புத்தகங்களுக்கு நடுவிலை இருந்து எழுதிக்கொண்டே இருப்பா. ஊருக்குத்தான் எழுதிறா எண்டு நான் நினைச்சுக்கொண்டிருந்தன். என்ன எழுதிறீர் எண்டு நான் ஒருக்காவும் கேக்கேல்லை.

அண்டைக்கு எனக்கு வந்தது வெக்கம் எண்டு இப்ப சொல்லுவன். அந்த நேரம் கோபம் எண்டுதான் நினைச்சன். இஞ்சை நாலு பக்கம் கைநழுவப் போகுது, உவன் ஃபிரிட்ஜ் எழுத்தைக் காட்டிக்கொண்டு இருக்கிறான்! என்வலப்பை எடுத்து மேசையிலை டக்கெண்டு வைச்சன்.

"நீர் கேட்ட கடிதம். சத்தமா வாசியும்."

அவன் வாசிச்சான். நான் சாய்ஞ்சிருந்து கண்ணை மூடிக்கொண்டன்.

'நான், பாலாம்பிகை பத்மநாதன், இதன் மூலம் உறுதிப்படுத்துவது யாதெனில்: இரண்டாம் குளிப்பு என்ற கேமை முதலில் எழுதியவர் என் கணவரே. அவர் எழுதிய கேம் ஒருபோதும் ஓடவில்லை. ஓடிய கேமை எழுதியது நான். அவருடன் பேசுவதில் உங்களுக்கு ஏதும் சிக்கல் ஏற்பட்டால், கீழே உள்ள எண்ணுக்கு அழைக்கவும். நான் வழக்கமாகப் பதில் சொல்பவள்.'

கண்ணைத் திறந்தன். கிரகாம் ஃபோனை எடுத்து நம்பரை அமத்திக்கொண்டிருந்தான்.

அதுக்குப் பிறகு ரண்டு மணித்தியாலம் அவையள் ரண்டு பேரும் கதைச்சினம். சிரிச்சினம். நான் கோப்பி குடிச்சன். வீட்டை வந்து கோட்டைக் கழட்ட முன்னமே தொடங்கிட்டன்.

"நீர் கடிதத்தை மாத்திப்போட்டீர்!"

"கொம்பியூட்டரிலை அப்பிடியே திறந்து கிடந்தது. பிழை இருந்தது, திருத்தினன். நாற்பது வருசமா என்ரை வேலை உதுதானே."

"கையெழுத்து மட்டும்தானே வைக்கச் சொன்னனான்?"

"வைச்சனான்தானே. கோட்டுக்கு மேலைதான் வைச்சனான்."

"அது என்ரை கேமப்பா!"

அவ கழுவிக்கொண்டிருந்த சட்டியை வைச்சா. துவாயிலை கையைத் துடைச்சா. அவவுக்கு உண்மையாக் கோபம் வந்தால் சத்தம் குறைஞ்சுபோகும். அது எனக்குத் தெரியும்.

"கலியாண வீட்டிலை, செத்த வீட்டிலை, டொக்டரிட்டை எல்லாம் 'என்ரை கேம், என்ரை கேம்' எண்டு சொன்னியள். நான் பக்கத்திலைதான் நிண்டனான். ஒருக்கா, ஒரேயொருக்கா 'எங்கடை' எண்டு உங்கடை வாயிலை வந்திருந்தால், நீங்கள் தந்த கடிதத்திலையே கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்து வைச்சிருப்பன்."

தேத்தண்ணி போடட்டோ எண்டு கேட்டன். வேண்டாம் எண்டா.

ஆவணியிலை புத்தகம் வந்தது. நல்ல தடிப்பு, பளபளப்பான தாள். நாலு பக்கத்திலையும் மனுசிதான். குசினி மேசையிலை இருந்து சிரிக்கிறா. கீழை பெரிய எழுத்திலை: எழுதியவர், பாலாம்பிகை பத்மநாதன். மகள் ஐஞ்சு பிரதி வாங்கினவள். ஸ்ரீதரன் வந்து, "அண்ணை, அக்கா இவ்வளவு கெட்டிக்காரி எண்டு நீங்கள் சொல்லவே இல்லை" எண்டுபோட்டுப் போறான்.

நான் ஒவ்வொரு பக்கமாத் தேடிக்கொண்டு போனன். கடைசியிலை, நன்றி சொல்லுற பக்கத்திலை, பொடி எழுத்திலை ஒரு வரி இருந்தது: 'பழைய புத்தகத்தைக் கொண்டுவந்து தந்த திரு. கந்தையாவுக்கும் நன்றி.'

கந்தையா என்ரை அப்பர். இந்த நாட்டிலை எனக்குக் குடும்பப்பேர் அவரின்ரை பேர்தான். என்ரை பேர் மனுசிக்கும் பிள்ளையளுக்கும் குடும்பப்பேராப் போச்சு. அப்பர் சாகும்வரைக்கும் கொம்பியூட்டர் எண்டு ஒரு சாமானைக் கண்ணாலையும் கண்டதில்லை.

"உந்தப் பேரை ஆர் குடுத்தது?" எண்டு கத்தினன்.

"கிரகாம் கேட்டவன். பாஸ்போட்டிலை உள்ளபடி குடுத்தன்."

"இது நான்தான் எண்டு உலகத்திலை ஒருத்தனுக்கும் தெரியாதேயப்பா!"

மனுசி புத்தகத்தை என்ரை கையிலையிருந்து மெதுவா வாங்கி, அந்த வரியைக் கண்ணாடி போட்டு வடிவா ஒருக்கா வாசிச்சா.

"உங்கடை குடும்பத்திலை ஒருத்தற்றை பேராவது வந்திருக்கு. சந்தோசப்படுங்கோ."