ஒற்றைக்கால் தேர்வும் மீன்குளக் காவலும்

ஒரு காட்டில், பொம்மக்கா என்கிற கீரி தன் மூணு குட்டிகளையும் வரிசையாகப் படுக்கப்போட்டு உண்ணி பொறுக்கிக்கொண்டிருந்தது. வளைக்குள் சொதசொதவென்று ஈரம். மழை பெய்தால் போதும், அந்த வளைக்குத் தண்ணீர் குடிவந்துவிடும். குட்டிகளைக் கவ்விக்கொண்டு மரத்தடி மரத்தடியாக அலைய வேண்டும்.

அந்த நேரம் பார்த்துக் கரிச்சான் குருவி மேலே பறந்தபடி, "மீன்குளத்துக்குக் காவலர் வேலை. அரசாங்க வேலை. குடியிருக்க மேட்டு வளை உண்டு" என்று அறிவித்துக்கொண்டு போயிற்று.

மேட்டு வளை என்றதும் பொம்மக்காவுக்குக் கை நின்றுவிட்டது. பிடித்த உண்ணி தப்பித்து ஓடியது.

நாலு பேர் முன்னால் வாய் திறக்காத கூச்சம் அதுக்கு. ஆனாலும் எழுத்துத் தேர்வில் முதல் மார்க் வாங்கிவிட்டது. அப்புறம் உடல்தகுதித் தேர்வு. அதற்கான விதியைத் தேர்வன்று காலையில்தான் சொன்னார்கள். தண்ணீரில் ஒற்றைக்காலில் நிற்கணும், அசையக் கூடாது. விதி போட்ட அதிகாரி, தேர்வுக்கு வந்திருந்த வெள்ளைச்சாமி என்கிற கொக்குக்குத் தாய்மாமன்.

பொம்மக்கா மூணு காலைத் தூக்கிற்று, குப்புற விழுந்தது. வெள்ளைச்சாமி எப்போதும் நிற்கிற மாதிரி நின்று, நடுவில் ஒரு தூக்கமும் போட்டது.

"மீனைக் காக்க ஒத்தக்கால் எதுக்குங்க?" என்று பொம்மக்கா தரையைப் பார்த்துக் கேட்டது.

"வேலை அப்படிம்மா," என்றார் தாய்மாமன்.

குட்டிகளை நினைத்துக்கொண்டு பொம்மக்கா கோர்ட்டுக்குப் போயிற்று. அங்கே ஏற்கெனவே கூட்டம். "எனக்கு ஒரு காலே கிடையாது, நான் எதில் நிற்க?" என்று சாரைப்பாம்பு மனுக் கொடுத்திருந்தது. "எந்தக் காலைன்னு அறிவிப்பில் போடலையே," என்றது பூரான். சாரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்ததும் பொம்மக்காவுக்குப் பல் நமநமத்தது. கோர்ட்டுக்குள் கடிக்கக் கூடாது என்பதால் அடக்கிக்கொண்டது.

நீதிபதி எருமை மாசிலாமணி எல்லாவற்றையும் அசைபோட்டபடி கேட்டார். "வெள்ளைச்சாமியை வேலையில் சேர்க்கத் தடை போடுறேன். எத்தனை காலில் நின்றால் நியாயம் என்று நிபுணர் குழு சொல்லட்டும்."

"அதுவரைக்கும் குளத்தை யாருங்கய்யா பார்க்கிறது?" என்றார் தாய்மாமன்.

வெள்ளைச்சாமி தலையைத் தாழ்த்திக்கொண்டது. "நான் எப்படியும் அங்கதாங்க நிக்கிறேன். சம்பளம்கூட வேணாம்."

எருமைக்குக் கண் கலங்கிவிட்டது. கொக்கைப் பொறுப்புக் காவலராக இருக்கச் சொல்லிவிட்டார்.

அப்புறம் வாய்தாவுக்கு மேல் வாய்தா. நிபுணர் குழு பூரானின் காலை எண்ண ஆரம்பிக்கும், பாதியில் பூரான் நகர்ந்துவிடும், மறுபடி முதலிலிருந்து எண்ணுவார்கள். சாட்சி சொல்ல முதல் தடவை மீன்கள் கூட்டமாக வந்தன. அடுத்த தடவை கொஞ்சம். அதற்கடுத்து ஒரு கிழட்டு விரால் மட்டும் வந்தது.

"எங்க சனம் எங்கேன்னு பொறுப்புக் காவலரைக் கேளுங்கய்யா," என்றது விரால்.

"அதைத்தான் விசாரிச்சுக்கிட்டு இருக்கேன்," என்று வெள்ளைச்சாமி ஏப்பம் விட்டது.

அடுத்த வாய்தாவுக்கு விரால் வரவில்லை. 'சாட்சிக்கு அக்கறை இல்லை' என்று எழுதிக்கொண்டார்கள்.

கடைசியில் தீர்ப்பு வந்தது. அவரவருக்கு இருக்கிற காலில் நிற்கலாம். கால் இல்லாதவர் படுத்தால் நின்றதாக எடுத்துக்கொள்ளப்படும். முதல் மார்க் வாங்கிய பொம்மக்காவுக்கே வேலை.

பொம்மக்கா குட்டிகளோடு மேட்டு வளைக்கு வந்தது. காய்ந்த மண், கதகதப்பு. குளத்தை எட்டிப் பார்த்தது. தண்ணீர் இருந்தது. மீன் என்று ஒன்றுகூட இல்லை. வெள்ளைச்சாமி உடம்பு பெருத்துப் பறக்க முடியாமல் நடந்தே ஊருக்குப் போயிற்று. அந்த வருஷம் ஒரு மீன்கூடக் களவு போகாததால் பொம்மக்காவுக்கு மெடல் கொடுத்தார்கள்.

மெடலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு அது மறுபடி உண்ணி பொறுக்க உட்கார்ந்தது. "இதுல நீதி என்னம்மா?" என்றது கடைக்குட்டி. பொம்மக்கா தொண்டையைச் செருமிக்கொண்டபோது வெளியே கரிச்சான் கத்திற்று: "பொம்மக்கா, சீக்கிரம் வா. இத்தனை நாள் பொறுப்பில் நின்னேன், என்னை நிரந்தரம் பண்ணுங்கன்னு வெள்ளைச்சாமி கேஸ் போட்டிருக்கு."

நீதி: கேஸ் போட்டவங்களுக்கு வேலை கிடைக்கும், பொறுப்பில் நின்னவங்களுக்கு மீன் கிடைக்கும், அந்த மீனுக்கு என்ன கிடைக்கும்னா, இதோ வர்றேன் கரிச்சான், அந்த மீனுக்கு...