ரோமாபுரிப் பட்டாளமும் ஒச்சப்பன் மச்சான் சம்மதமும்

போடிநாயக்கனூர்,
பங்குனி மாதம், 1984.

மலை மெட்டுக்கு மேல் ஏலத்தோட்டத்தில் கங்காணியாக இருந்து சகல சம்பத்தும் பெற்று விளங்கும் மகா கனம் பொருந்திய மச்சான் ஒச்சப்பன் அவர்கள் சமூகத்துக்கு, தங்கள் தங்கை குருவம்மாளைக் கைப்பிடித்த காசிமாயன் வணக்கத்துடன் எழுதிக்கொள்ளும் லிகிதம் என்னவென்றால், இவ்விடம் நானும் குருவம்மாளும் உழவு மாடுகளும் சௌக்கியம். தங்கள் சௌக்கியத்தையும், தங்கள் மகள் சௌபாக்கியவதி சந்திரவல்லியின் சௌக்கியத்தையும், கோடை மழை ஏலச்செடிக்குப் பற்றும்படி விழுந்ததா என்பதையும் அறிய மிகுந்த ஆவலாயிருக்கிறோம்.

நிற்க. கடையில் ஏலக்காய் தரம் பிரிக்கிற சோலியைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு நான் பேனாவைப் பிடித்திருப்பதிலிருந்தே காரியம் பெரிது என்று தாங்கள் ஊகித்திருப்பீர்கள். தங்கள் மருமகனும் எங்கள் மகனுமான சுருளிவேல் சர்க்கார் உபகாரச் சம்பளத்தில் எண்ணெய்க் கிணறு தோண்டும் படிப்புக்காக ருமேனியா தேசம் போனது தாங்கள் அறிந்ததே. பஸ் ஸ்டாண்டில் அவன் கழுத்தில் முதல் மாலை போட்டதே தாங்கள்தான். போன முதல் வருசம் எண்ணெயைக் கண்ணிலேயே காட்டவில்லை, அந்த ஊர்ப் பாஷையைத்தான் படிக்கச் சொன்னார்கள். அந்தப் பாஷை வாத்தியாருக்கு ஒரு மகள், பெயர் ரொடிகா. மச்சான், இதுக்கு மேல இலக்கணமா எழுதுனா எனக்கு மூச்சு முட்டும். பய அந்தப் பிள்ளையத்தான் கட்டுவேன்னு எழுதிட்டான். நாம ஏத்துக்கிட்டா, அங்க மனுப் போட்டு எத்தனை நாளானாலும் காத்துக் கிடந்து, அவளைக் கூட்டிக்கிட்டு ஊருக்கே வந்துருவானாம். ஏத்துக்கலேன்னா அங்கயே ஒரு வேலையப் பாத்துக்கிட்டு இருந்துருவானாம்.

சந்திரவல்லி பொறந்த அன்னைக்கு, தொட்டில்ல கிடந்த பிள்ளையக் காட்டி, "மாப்ளே, இவ சுருளிக்கு"ன்னு நீங்க சொன்னதும், நான் வெத்தலைய வாங்கி மடியில கட்டுனதும் மறக்கலை. மறந்திருந்தா இந்தக் கடுதாசி ஒரு வரியில முடிஞ்சிருக்கும். உங்க முகத்துல எப்படி முழிக்கிறதுன்னு தெரியாமத்தான் வளைச்சு வளைச்சு எழுதுறேன், பொறுத்துப் படிங்க.

பய எழுதுனதைக் கேட்டு உங்க தங்கச்சி ஒரு பாட்டம் அழுதா. அழுது முடிச்சு மூக்கைச் சிந்திப் போட்டுட்டு, "அதெல்லாம் கெடக்கட்டும், அவுக எந்தக் கோயிலு?"ன்னு கேட்டா. எனக்குப் பொட்டுல அடிச்ச மாதிரி ஆயிருச்சு. நம்மள்ல ஒரே சாமியக் கும்பிட்டா பங்காளி, கொடுக்கல் வாங்கல் கிடையாது, வேற சாமின்னாத்தான் மாமன் மச்சான் முறை. வெள்ளைக்காரின்னா மட்டும் கேக்காம விட முடியுமா? உடனே எழுதிப் போட்டேன், எந்த ஊரு, எந்தக் கோயிலு, எங்கிருந்து வந்த வம்சம், பங்காளி யாரு, எல்லாத்தையும் விவரமா எழுதுடான்னு. அவன் எழுதுறான்: "ஐயா, இங்க குலசாமி கிடையாது. நீங்க எங்கிருந்து வந்தவுகன்னு கேட்டா இவுக பாஷை எங்கிருந்து வந்துச்சுன்னுதான் சொல்லுவாக. அதுதான் இவுகளுக்கு வம்ச வரலாறு." சொல்லிட்டு, அந்தப் பாஷையோட பூர்வோத்திரத்தை ஒரு கட்டுக் காகிதத்துல எழுதி அனுப்பிட்டான். பரீட்சைக்கு இப்படி எழுதியிருந்தா பய கலெக்டர் ஆயிருப்பான்.

நான் அதை எடுத்துக்கிட்டு, சிவராத்திரி முடிஞ்ச மறுநாள், பங்காளிக எல்லாம் கறிச்சோறு தின்னுட்டு கோயில் புளியமரத்தடியில சாஞ்சிருந்த நேரமாப் பாத்து சபையில வச்சேன். அதுதான் நான் செஞ்ச தப்பு. கோயில் பெரியாம்பள மொக்கையன், "வாசிப்பா"ன்னார். நானும் வாசிச்சேன். ஆதியில அந்த மலைநாட்டுல டாசியர்னு ஒரு சனம் இருந்துச்சாம். தங்கம் விளையிற பூமி. ரோமாபுரி ராசா பட்டாளத்தோட வந்து, பெரிய சண்டை போட்டு நாட்டைப் பிடிச்சுட்டான். பிடிச்சவன் சும்மா இருக்கானா, சண்டை போட்ட பட்டாளத்துக்காரனுக்கெல்லாம் அங்கயே நிலத்தைக் கொடுத்து உக்கார வச்சு, இன்னும் எட்டுத் திக்குல இருந்தும் ஆளுகளக் கொண்டாந்து குடியேத்திட்டான். ஆளுக்கொரு பாஷை பேசுனா சந்தை நடக்குமா? அதனால எல்லாரும் பட்டாளத்துப் பாஷையான லத்தீனைப் பேச ஆரம்பிச்சாக. ஆறேழு தலைமுறை போச்சு. அதுக்கப்பறம் ராச்சியம் தாங்கலை, எதிரி மேல எதிரி. "எல்லாரும் எல்லை ஆத்துக்குத் தெக்க வந்துருங்கடா"ன்னு ரோமாபுரி பட்டாளத்தைத் திருப்பிக் கூப்பிட்டுக்கிருச்சு. பட்டாளம் போச்சு மச்சான், பாஷை போகலை. நாம ஊர் மாறுறப்ப பழைய கோயில்ல இருந்து பிடிமண் எடுத்துட்டுப் போய் புதுக்கோயில் கட்டுறோம்ல, அந்த மாதிரி அவன் கொண்டுபோன லத்தீன் அங்க வேர் விட்டு நின்னுருச்சு.

இதுவரைக்கும் சபை அமைதியாத்தான் இருந்துச்சு. அடுத்த வரியில பய, "பட்டாளம் போனப்ப சனங்க மலைக்குள்ள ஏறி ஆடு மேய்ச்சுக்கிட்டு அங்கயே இருந்தாகன்னு ஒரு கட்சி, எல்லாரும் ஆத்துக்குத் தெக்க போயிட்டு ரொம்பக் காலங்கழிச்சுத் திரும்பி வந்தாகன்னு இன்னொரு கட்சி, இன்னைக்கு வரைக்கும் வழக்குத் தீரலை"ன்னு எழுதியிருந்தான். இதை வாசிக்காம விட்டிருக்கலாம், வாய் சும்மா இருக்கலை. தேவாரம் ஊர்ச் சோணை துண்டை உதறிக்கிட்டு எந்திரிச்சார். "அதெப்படிய்யா போவான்? நிலம் இருக்கு, ஆடு இருக்கு, பொண்டாட்டி அந்த ஊர்க்காரி. ராசா போனா இவனுக்கு என்ன? மலைக்குள்ளதான் இருந்திருப்பான்!" மொக்கையன் விடலை. "காவலுக்கு ஆளில்லாத காட்டுல எவன்டா இருப்பான்? உசிருக்குப் பயந்து போய், அடங்குனப்பறம் வந்திருப்பான்!" அவ்வளவுதான், புளியமரத்தடி ரெண்டாப் பிளந்துருச்சு. 'இருந்த' கட்சி இந்தப் பக்கம், 'வந்த' கட்சி அந்தப் பக்கம். ஒரு பயலுக்கும் ருமேனியா எந்தத் திசையில இருக்குன்னு தெரியாது. நடுவுல தேவாரத்துல இருந்து சைக்கிள்ல ஒருத்தன் ஓடியாந்து, "சோணையண்ணே, ஒங்க வாழைத்தோப்புல யானை நிக்கிது, வெரசா வாங்க"ன்னு கத்துறான். சோணை திரும்பிக்கூடப் பாக்கலை. "திங்கிறதைத் தின்னுட்டுப் போகட்டும். இந்த ரோமாபுரிக்காரன் போகலைன்னு நீங்க ஒத்துக்கிடாம நான் இந்த இடத்தை விட்டு எந்திரிக்க மாட்டேன்"னுட்டார். தோப்புல பாதி போச்சுன்னு கேள்வி.

மச்சான், நான் யார் பக்கம்னு கேப்பீக. அவனுக்குப் பாஷை சொல்லிக்கொடுத்த வாத்தியாரு 'இருந்த' கட்சி. பயலும் 'இருந்த' கட்சி. நான் 'வந்த' கட்சி. எனக்குச் சரித்திரம் தெரியும்னு இல்லை. போன இடத்துலயே நின்னுக்கிற வம்சம்னா அந்தப் பிள்ளை இங்க வருமா? நம்ம பயலையுமுல்ல அங்கயே நிப்பாட்டிரும். போயிட்டுத் திரும்பி வந்த வம்சம்னாத்தான் எனக்கு நம்பிக்கை. வாசிச்சுக்கிட்டு இருக்கையில எனக்கு வேற ஒண்ணும் தோணிப்போச்சு. அந்த ரோமாபுரிப் பட்டாளத்துக்காரனைப் பெத்தவன் ஒருத்தன் அந்தப் பக்கம் இருந்திருப்பான்ல? பட்டாளம் திரும்புதுன்னு கேள்விப்பட்டு வாசல்ல வந்து நின்னுருப்பான்ல? எல்லார் பிள்ளையும் வந்திருக்கும், இவன் பிள்ளை மட்டும் அங்க ஆடு மேய்ச்சுக்கிட்டு, பேரன் பேத்தி வேற பாஷை பேசிக்கிட்டு இருந்திருக்கும். அவனைப் பத்தி எந்தச் சரித்திரத்துலயும் ஒரு வரி இல்லை மச்சான். நான் காகிதத்தை மடக்கி மடியில வச்சுட்டேன். சோணைதான் சொம்புல தண்ணி கொடுத்தார்.

அப்பறம் ஒருவழியா மிச்சத்தை வாசிச்சேன். லத்தீனுக்குப் பொறந்த மத்த பிள்ளைக, இத்தாலி, பிரெஞ்சு, ஸ்பெயின்காரன் பாஷை எல்லாம் மேக்க தள்ளி ஒண்ணா இருக்க, இது மட்டும் கெழக்க தனியாச் சிக்கிக்கிருச்சாம். சுத்தி ஸ்லாவியன், அங்கேரிக்காரன், துருக்கிக்காரன், கிரேக்கன். எல்லார் வீட்டுலயும் உப்பும் புளியும் வாங்கித்தான் குடும்பம் நடத்தியிருக்கு. எழுத்துக்கூட ரொம்பக் காலம் ஸ்லாவியன் எழுத்துத்தான், போன நூத்தாண்டுலதான் தாய் வீட்டு எழுத்துக்கே திரும்புச்சாம். ரொட்டி, தண்ணி, ஆத்தா, அப்பன் எல்லாம் லத்தீன் வார்த்தை, காதலுக்கு மட்டும் ஸ்லாவியன் வார்த்தைன்னு பய எழுதியிருந்தான். மொக்கையன் சிரிக்காம, "எல்லா ஊர்லயும் அந்தச் சோலி பக்கத்து வீட்டுலதானப்பா ஆரம்பிக்கிது"ன்னார். இன்னொண்ணும் இருந்துச்சு. நாம சொல்ற 'சம்பந்தி'ங்கிறதுக்கு இங்கிலீசுல ஒரு வார்த்தை கிடையாதாம். அந்தப் பாஷையில 'குஸ்க்ரு'ன்னு இருக்காம், அதுவும் லத்தீன்ல இருந்து அப்படியே வந்ததாம். மொக்கையன் நிமிந்து உக்காந்தார். "சம்பந்திக்கு வார்த்தை வச்சிருக்கானா? ராச்சியம் போயி, பட்டாளம் போயி, எழுத்தும் போயி, சம்பந்திய மட்டும் விடாம வச்சிருக்கான்னா அவன் மனுசன்யா. அவன்கிட்டப் பொண்ணு எடுக்கலாம்"னு சொன்னார். சோணையும் முதல் தடவையா ஒத்துக்கிட்டார்.

எனக்குப் பிடிச்சது வேற. அந்தப் பாஷையில எழுதுனதுன்னு இன்னைக்குக் கிடைக்கிறதுலயே பழசு எதுன்னு நினைக்கிறீக? ராசா சாசனமில்லை, சாமி பாட்டில்லை. மலையடிவாரத்து வியாபாரி ஒருத்தன் மலைக்கு அந்தப் பக்கத்து ஊர்ப் பெரியவருக்கு, துருக்கிப் படை வருது, சாக்கிரதைன்னு எழுதுன கடுதாசி. ஆரம்பத்துல மரியாதைக்கு ஸ்லாவியன் பாஷையில மகா கனம் பொருந்தியன்னு என்னமோ போட்டுட்டு, விசயத்துக்கு வந்ததும் வீட்டுல பேசுற பாஷையில இறங்கிட்டானாம். நானும் மலையடிவாரத்து வியாபாரிதான், மெட்டைத் தாண்டித்தான் எழுதுறேன், நானும் எப்படி ஆரம்பிச்சேன், எங்க வந்து நிக்கிறேன், பாத்தீகள்ல?

சரி, விசயத்துக்கு வர்றேன். சபை தீர்ப்பைக் கேளுங்க. ஒரு தாய் வயித்துல பொறந்த பாஷை பேசுறவுக பங்காளி, கொடுக்கல் வாங்கல் ஆகாது. இத்தாலிக்காரன்தான் அவளுக்குப் பங்காளி, நமக்கும் அவளுக்கும் மூணு தலைமுறை இல்லை, முந்நூறு தலைமுறைக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை, அதனால தாராளமாக் கட்டலாம். "அப்ப நாம எல்லாரும் ஒரே தமிழு, நாம யாரும் யாரையும் கட்டக்கூடாதா?"ன்னு சோணை ஒரு போடு போட்டார். மொக்கையன் அசரலை. "உள்ளூருக்குக் கோயில் கணக்கு, எல்லை தாண்டுனா பாஷைக் கணக்கு"ன்னு சொல்லி, துண்டைப் போட்டுத் தாண்டி, சாமி சத்தியமா இனி இதுதான் சட்டம்னுட்டார்.

ஆனா தடை இல்லைங்கிறது வேற, முறை இருக்குங்கிறது வேற. பெத்த வாத்தியாரு நமக்கு எந்த முறையும் ஆகாதவரு, அதனால மணமேடையில அவளுக்கு அப்பன்னு ஒருத்தன் நின்னு தாரை வார்க்கணும். அது எனக்கு மச்சான் முறைக்காரனா இருக்கணும். எனக்கு இருக்கிறது நீங்க ஒரே மச்சான். நீங்க அந்தப் பிள்ளைய மகளா ஏத்துக்கிட்டு, உங்க கோயில்ல பொங்க வச்சு, உங்க வீட்டுப் பொண்ணா அனுப்பி வச்சாத்தான் கல்யாணம், இல்லேன்னா இல்லைன்னு சபை சொல்லிருச்சு. யாருக்குக் கொடுத்த வாக்கை உடைக்கிறேனோ அவர்கிட்டயே போய்க் கைநீட்டச் சொல்றாக. எந்த மனுசனாவது கேப்பானா? நான் கேக்குறேன் மச்சான். சந்திரவல்லிக்கு வாங்குன வெத்தலைய ரொடிகாவுக்குன்னு மாத்திக் கொடுங்கன்னு கேக்குறேன். நீங்க மாட்டேன்னா உங்க மேல கோவம் வராது. ஆனா என் பிள்ளை வரமாட்டான். உங்க தங்கச்சி பஸ்சு சத்தம் கேக்குறப்பெல்லாம் தெருவை எட்டிப் பாக்குறா. அதுக்கு மேல எனக்கு எழுதத் தெரியலை.

சந்திரவல்லிக்கு எங்கள் மனப்பூர்வமான ஆசீர்வாதங்கள். அவளுக்கு நானே அலைந்து தேடி, சுருளியை விட நூறு மடங்கு மேலான மாப்பிள்ளையைக் கொண்டுவந்து நிறுத்துவேன் என்று குலசாமி மேல் ஆணையாக உறுதி கூறுகிறேன். தங்கள் தோட்டமும் குடும்பமும் மேன்மேலும் தழைக்க வேண்டி, தங்கள் பாதம் பணியும்,

காசிமாயன்.

பி.கு.: ஒட்டுனதைப் பிரிச்சு இதை எழுதுறேன். கடுதாசிய, மேல ஆள் ஏத்திக்கிட்டுப் போற ஜீப்பு டிரைவர் வீரணன் கையில கொடுத்தா, அவன் வாங்காம தலையச் சொறியிறான். என்னடான்னா, "மாமா, ஒங்க மச்சான் ரெண்டு வாரமா வண்டியில ஏறி மெட்டு வரைக்கும் வர்றாரு, டீயக் குடிச்சுட்டு, மாப்ளே முகத்துல எப்படி முழிப்பேன்னு சொல்லித் திரும்ப ஏறிப் போயிர்றாரு"ங்கிறான். சந்திரவல்லி தோட்டத்துக் கணக்கப்பிள்ளை சுகுமாரன்னு ஒரு மலையாளத்துப் பிள்ளையத்தான் கட்டுவேன்னு நிக்கிதாமே! அடப்பாவி மச்சான், ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா? நீரு மேல நின்னு அழுக, நான் கீழ நின்னு அழுக, நடுவுல சோணை தோப்புல பாதி போச்சு. மேல எழுதுனது அத்தனையும் அடிச்சுருங்க. நாளைக்கே வீரணன் வண்டியில இறங்கி வாங்க, டீக்கடையில நிக்காதீக. ரொடிகாவுக்கு நீங்க அப்பன், சந்திரவல்லிக்கு நான் சீரு கொண்டாறேன், ஒரே பந்தல். ஒண்ணே ஒண்ணு. மலையாளமும் தமிழும் ஒரு தாய் வயித்துப் பிள்ளைகன்னு மொக்கையன் காதுல மட்டும் விழுந்துறப்படாது, சாமி சத்தியமாச் சட்டம் போட்டு வச்சிருக்காரு. கேட்டா, மலையாளம் ரோமாபுரிக்காரன் மிளகு வாங்க வந்தப்ப விட்டுட்டுப் போன பாஷைன்னு சொல்லிருங்க.