மசூதின் முழங்கால்

தென்காசி
18-7-1962

கொழும்பிலிருக்கும் மதிப்புக்குரிய மச்சான் கிதிர் முகம்மது அவர்களுக்கு, பீர் மைதீன் எழுதிக்கொண்டது. அஸ்ஸலாமு அலைக்கும். நானும் உங்கள் தங்கை ரஹ்மத்துன்னிசாவும் அல்லாஹ் கிருபையால் சுகம். உங்கள் சுகத்துக்கும் கடை வியாபாரத்துக்கும் இங்கிருந்து துஆச் செய்கிறோம்.

எங்கள் மகன் மசூதுக்கு நீங்கள் பேசி வைத்த சம்பந்தம் கெட்டுப்போகவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டு மீதியைப் படியுங்கள். போன மாதம் அச்சன்புதூர் ஆதம் சாகிபு வந்து, "மாப்பிள்ளைக்கு மில்லுல வேலைன்னீரு. பந்து ஆடுததுதான் வேலையாமே? முட்டு தெரிய அரைக்கால் சட்டை போட்டு ஊர் முன்னால குதிக்கவனுக்கு எம்மவ ராபியாவைக் குடுக்க மாட்டேன்" என்று சொல்லிவிட்டார். பாஸ்கெட்பால் ஆடுவதற்கென்றே மசூதுக்கு மில்லில் சம்பளம் தருகிறார்கள். ஆடாவிட்டால் வேலை போகும், ஆடினால் பெண் போகும். மசூதோ கட்டினால் ராபியாவைத்தான் கட்டுவேன் என்று நிற்கிறான். இந்த லட்சணத்தில் ஒரு பந்தயத்தில் எம்பி விழுந்து முழங்காலையும் பிசக்கிக்கொண்டான். மில் மேனேஜர் கூப்பிட்டு, இனி நீ ஆட வேண்டாம், கோச்சாக இரு என்றாராம். வேலையை விட்டு நீக்குவதைத்தான் நாசூக்காகச் சொல்கிறார் என்று எனக்குச் சோறு இறங்கவில்லை. பிறகுதான் மசூது, "கோச்சுன்னா ஓரமா நின்னு ஆட்டம் சொல்லிக்குடுக்கது வாப்பா. சம்பளமும் கூட. முழு பேண்ட்டுதான் போடணும்" என்றான். அந்தக் கடைசி வார்த்தையைக் கேட்டதும் அவனைக் கட்டிக்கொண்டு அழுதுவிட்டேன். பிள்ளை கால் பிசகியதற்கு இவ்வளவு சந்தோஷப்பட்ட தகப்பன் நானாகத்தான் இருப்பேன்.

குற்றால சீசன் பந்தயத்துக்கு மில் டீம் வந்திருக்கிறது. இன்று காலை ஆட்டத்துக்கு ஆதம் சாகிபை நானே கூட்டிப் போனேன். சாரலில் குடையைப் பிடித்துக்கொண்டு, "முழு பேண்ட்டு போட்டு நிக்காம்லா, அவன்தான் மாப்பிள்ள" என்றேன். அவர் உற்றுப் பார்த்துவிட்டு, "வயசு அம்பது இருக்கும் போலுக்கே, மண்டையும் வழுக்கை" என்றார். விசில் ஊதுகிற ரெப்ரியைப் பார்த்திருக்கிறார்! மசூதைக் காட்டுவதற்குள் எனக்குப் பாதி உயிர் போய்விட்டது. கணுக்கால் வரை மூடி நின்றவனைக் கண்டதும் அவர் முகம் மலர்ந்தது. சபர் மாதம் கழிந்ததும் நிக்காஹ் என்று கை கொடுத்தார். என் மகன் இனி அரைக்கால் சட்டையைத் தொடவே மாட்டான் என்று நானும் வாக்குக் கொடுத்துவிட்டேன். நெஞ்சில் கிடந்த பாரம் இறங்கிவிட்டது மச்சான். நீங்கள் தைரியமாகக் கப்பலுக்கு டிக்கெட் எடுக்கலாம்.

வீட்டில் பெரியவர்களுக்கு ஸலாம், பிள்ளைகளுக்கு எங்கள் முத்தம். அல்லாஹ் உங்களுக்கு ஆயுளும் பரக்கத்தும் தருவானாக.

இப்படிக்கு,
பீர் மைதீன்

பி.கு.: கடிதத்தை ஒட்டுவதற்குள் மாலை ஆட்டம் வந்துவிட்டது. மில் பையன்கள் பலாப்பழத்தை அளவில்லாமல் தின்று வயிற்றைக் கெடுத்துக்கொண்டார்கள். ஐந்து பேர் ஆட வேண்டிய இடத்தில் நாலு பேர்தான் தேறினார்கள். மசூது என்னைப் பார்த்தான், நான் வானத்தைப் பார்த்தேன். ஆதம் சாகிபுதான் எழுந்து போனார். தன் தோள் துண்டை இரண்டாகக் கிழித்து அவன் முழங்கால் இரண்டிலும் இறுக்கிக் கட்டி, "இப்ப முட்டு மறைஞ்சிட்டுல்லா? அரைக்கால் சட்டையப் போட்டு இறங்கும் மாப்பிள்ள, அவனுவள விடாதேயும்!" என்று தள்ளிவிட்டார். ஜெயித்துவிட்டோம். சம்பந்தி இப்போது மில் மேனேஜர் சட்டையைப் பிடித்துக்கொண்டு, "எம் மருமவன ஓரமா நிக்க வச்சது யாருவே?" என்று சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்.