கறுப்பு நாயின் தலையில் சர்க்கரை

இதை ஏறுக்குமாறாகச் சொல்லி மாடி வீட்டுக்காரர்களிடம் மாட்டிக்கொள்வேனோ என்று இப்போதே எனக்குப் பயமாக இருக்கிறது. புருஷன் சொன்னதும் என் காதில் இருக்கிறது, பெண்டாட்டி சொன்னதும் இருக்கிறது. இடம் மாறிக் கொட்டிவிட்டால் தொலைந்தேன். மெதுவாகவே சொல்கிறேன்.

மாடி வீட்டுக்காரர் கடிகாரம் பழுதுபார்ப்பவர். கண்தான் அவருக்குச் சோறு போடுகிறது. அந்தக் கண்ணைப் பார்த்த டாக்டர், "இனிப்பை விடுங்க, இல்லேன்னா கடிகாரத்தை விடுங்க" என்று சொல்லிவிட்டார். அன்றே அவர்கள் வீட்டுச் சர்க்கரை டப்பா மாயமானது. அவரும் பெருந்தன்மையாக, "இனிமே தினம் சாயங்காலம் நாயோட நடக்கப் போறேன்" என்று அறிவித்தார். எதிர்ச்சாரியில் பேக்கரி இருப்பதை அறிவிப்பில் சேர்க்கவில்லை.

ஆனால் அந்த நாய் பூனையைக் கண்டாலும் பாயும், சைக்கிளைக் கண்டாலும் பாயும். ஒரு கையில் கயிறும் மறு கையில் சர்க்கரைப் பொடி தூவிய க்ரீம் பன்னுமாக நிற்கிற மனுஷன் என்ன செய்வார்? பயிற்சிப் பட்டை ஒன்று வாங்கி வந்து நாயின் கழுத்தில் மாட்டினார். ரிமோட்டை அமுக்கினால் பட்டை சத்தமில்லாமல் அதிரும். நாய் உடனே அமுக்கியவரைத் திரும்பிப் பார்த்தால் வாயில் ஒரு ஈரல் துண்டு. கொஞ்ச நாளில் பூனை குறுக்கே போனாலும் நாய் முனிவர் மாதிரி நடந்தது.

"இனி ரிமோட்டே வேண்டாம். நான் கனைச்சாலே அடங்கிடும்" என்று அதை அலமாரியில் போட்டார். பட்டை மட்டும் பதக்கம்போல நாயின் கழுத்திலேயே இருந்தது.

"கெட்டிக்காரர்தாங்க நீங்க" என்று மனைவி நாயின் தலையைத் தடவிக்கொடுத்தாள். கறுப்பு நாய். தடவிய கையில் வெள்ளைப் பொடி. நாக்கில் வைத்துப் பார்த்தாள். இனித்தது. அலமாரிப் பக்கம் பார்த்தாள்.

மறுநாள் அவர் கடைக்குக் கிளம்பியதும் அவள் ஈரல் நறுக்க உட்கார்ந்தாள். அன்றிலிருந்து தினம் நாயைக் கீழே என் வாசலில் விடுவாள். பால்கனியில் நின்று ரிமோட்டை அமுக்குவாள். நாய் படியேறிப் பறக்கும்.

அந்த வாரமே ஒரு சாயங்காலம், பேக்கரி வாசலில் அவர் பன்னை வாயருகே கொண்டுபோனார். எதிர்ப் பால்கனியில் அவள் ஒரு கையால் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். பன் ஒரு பக்கம், செருப்பு ஒரு பக்கம், அவர் வீட்டுப் பக்கம்.

"ஏங்க இப்படி மூச்சு வாங்குது?"

"நாய்க்கு என்னமோ கோளாறு. திடீர்னு இழுக்குது."

"வழியில எதையாவது பாத்திருக்கும்."

"ஒண்ணையும் பாக்கல."

"அப்ப நீங்க எதையாவது பாத்தீங்களா?"

"நான் என்னத்தைப் பாக்கறேன்? நேரா நடந்தேன்."

"அப்படித்தான் நடக்கணும். பழகப் பழகச் சரியாயிடும்."

சரியாகிவிட்டது. கேக்கும் ஜாம் பிஸ்கட்டும் பன் போன வழியே போன பிறகு, பேக்கரிக்காரர் கூப்பிட்டாலும் தலை திருப்பாமல், கயிறு தொய்ந்திருக்க அமைதியாக நடக்கக் கற்றுக்கொண்டார். நான் நாயைச் சொல்லவில்லை.

நேற்று அவர் நாயோடு என் கதவைத் தட்டினார்.

"தங்கச்சி, ஒரு டீ. சர்க்கரை மூணு கரண்டி."

"அக்காவுக்குத் தெரிஞ்சா என்னாகும் அண்ணே?"

"அவளுக்கு எப்படித் தெரியும்? அவ பாட்டுக்கு மேல துணி உதறிக்கிட்டிருக்கா."

டப்பாவைத் திறந்தேன். மேலே துணி உதறும் சத்தம் நின்றது. நாயின் காது நிமிர்ந்தது.

எனக்கு எதற்கு வம்பு? அவர்கள் போன வேகத்திலேயே நானும் படியேறி, என் சர்க்கரை டப்பாவை அக்கா கையில் கொடுத்துவிட்டு வந்தேன்.