வெந்நீர் ஃபிளாஸ்கோடு போன பேட்டி

முதல் குழந்தை பிறந்ததும் பெண்கள் ஒரு வருடத்துக்கு டாக்டர் சொல்வதைத் தவிர வேறெதையும் காதில் வாங்குவதில்லை. எனக்கு இரண்டு வருடம் ஆனது. (மூன்று என்பார் என் கணவர்.)

சமூகநீதி வரலாறு பற்றிய ஆவணப்படங்களுக்கு எழுதுவது என் வேலை. திருக்கழுக்குன்றம் பக்கத்து ஊரொன்றில், ஒரு காலத்தில் டீக்கடையில் காலனிக்காரர்களுக்குத் தனி கிளாஸ். அதில் குடிக்க மாட்டோம் என்று கடை பெஞ்சில் போய் உட்கார்ந்த பெண்களில் ஒருவர் மேரி அக்கா. அவரைத் தவிர யாரும் கேமரா முன்னால் பேசச் சம்மதிக்கவில்லை. அவர் பேசாவிட்டால் படமே இல்லை.

செங்கல்பட்டிலிருந்து கைக்குழந்தையோடு போனேன். தோள்பையில் வெந்நீர் ஃபிளாஸ்க், கொதிநீரில் கழுவிய டம்ளர்.

"எந்த ஊரு பொண்ணு நீ?" என்றார் அக்கா. ஊரையும் தெருவையும் சொன்னேன். நான் யார் வீட்டுப் பெண் என்று தெரிந்துகொள்ள அவருக்கு அதுவே போதும். உள்ளே போய் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்தார். கேமராமேன் சேகர் அதற்குள் கேமராவை ஓடவிட்டிருந்தான்.

"வேணாங்க்கா, நாங்க தண்ணி கொண்டாந்திருக்கோம்" என்றபடி டம்ளரை வெளியே எடுத்தேன்.

"அக்கா..." என்று பின்னாலிருந்து முனகினான் சேகர். எனக்கு உறைக்கவில்லை. ஃபிளாஸ்க் மூடியைத் திருகிக்கொண்டிருந்தேன்.

மேரி அக்கா என் டம்ளரையே பார்த்தார். "அந்த டீக்கடக்காரனாவது தனி கிளாஸு குடுத்தான். நீ வூட்லேர்ந்தே எடுத்துகினு வந்துட்ட."

டாக்டர், வயிற்றுப்போக்கு, பக்கத்து வீட்டுக் குழந்தைக்கு டிரிப்ஸ் ஏற்றியது என்று ஏதேதோ உளறினேன்.

"புள்ளைக்கு வெந்நி குடு, யாரு வேணான்னது? உனுக்கு இன்னா வயசாவுது?"

சொம்பை வாங்கி அண்ணாந்து குடித்தேன். இது அதைவிட மோசம்.

"வாய் வெச்சுக் குடிங்கக்கா" என்றான் சேகர், அழாத குறையாக.

வாய் வைத்துக் கடைசிச் சொட்டுவரை குடித்தேன். புடவை பாதி நனைந்துவிட்டது. பிறகு, இதற்குமேல் கெட ஒன்றுமில்லை என்ற தைரியத்தில், "முதல்லேர்ந்து எடுத்துக்கலாமாக்கா?" என்று கேட்டேன்.

"நாங்க பெஞ்சில குந்துனத இன்னொரு தபா எடுத்தமா? அழிக்காம இத்த அப்டியே படத்துல போடு. போடறன்னா பேசறேன்."

சரி என்றேன். அன்றுவரை அந்த டீக்கடைக்காரரை எழுதுவது எனக்குச் சுலபமாக இருந்தது. குழந்தைக்காகத்தான் மறுத்தேன் என்பது உண்மை. எனக்கும் சேர்த்து ஏன் வேண்டாம் என்றேன் என்பதற்கு இன்னும் பதில் தேடிக்கொண்டிருக்கிறேன்.

படம் அந்தக் காட்சியோடுதான் தொடங்குகிறது. மாமல்லபுரத்தில் திரையிட்டபோது முன்வரிசையில் இருந்த மாமியார், "அது நம்ம வூட்டு ஃபிளாஸ்க்தானே?" என்று மட்டும் கேட்டார்.

பையன் இப்போது எல்.கே.ஜி. யார் வீட்டுக்குப் போனாலும் செருப்பைக் கழற்றும் முன்பே, "எங்கம்மாவுக்குத் தண்ணி குடுங்க" என்கிறான். அவர்களும் கொடுக்கிறார்கள். நான் குடித்து முடிக்கும்வரை அப்பாவும் பிள்ளையும் வாசலை விட்டு நகர்வதில்லை.