பொட்டலம் ஏறிய மேடை

நாய் விளையாட்டின் வரலாற்றில் பொன்னெழுத்துகளால் பொறிக்க வேண்டிய அந்தத் தருணத்தில், அப்பாவின் இடுப்பு டிரம்முக்குள் மாட்டிக்கொண்டது. தலை அந்தப் பக்கம், கால்கள் இந்தப் பக்கம். எங்கள் நாய் பொட்டலம் தள்ளி நின்று மரியாதையோடு பார்த்துக்கொண்டிருந்தது.

"அவன் பாக்குறானா?" என்றது டிரம்.

"நல்லா பாக்குது. நீங்க முதல்ல வயித்த உள்ள இழுங்க," என்று அம்மா ஒரு காலைப் பிடித்தாள். இன்னொன்று என் பொறுப்பு. என் நினைப்பு அந்தக் காலில் இல்லை. விடிந்தால் என் நுழைவுத் தேர்வு முடிவு வருகிறது. அதில் என்ன இருக்கும் என்று எனக்கு மட்டும்தான் தெரியும்.

அப்பா மனிதவள அதிகாரி. அலுவலகத்து மனிதர்களையெல்லாம் வளப்படுத்தி முடித்துவிட்டதால் கொல்லைப்புறத்துக்கு வந்தார். நாய்கள் தடை தாண்டி ஓடும் போட்டியை வீடியோவில் பார்த்த மறுநாளே 'பயிற்சி வளாகம்' தயார். தாண்டுவதற்கு, இரண்டு வாளிகளின் மேல் துடைப்பக் கட்டை. வளைந்து ஓட, மண்ணில் நட்ட தண்ணீர்க் குழாய்கள். நுழைந்து போக, அடி வெட்டிய டிரம். கடைசியில் எங்கள் பழைய டீப்பாய். அதில் ஏறிச் சற்று நேரம் அசையாமல் இருக்க வேண்டுமாம். பெயர் 'நிதான மேடை'. குழாய்களில் அம்மா துணி காயப்போட்டதை நிர்வாகம் பெருந்தன்மையோடு கண்டுகொள்ளவில்லை.

பொட்டலம் எதையும் தாண்டவில்லை. "மேல இருக்கறவன் செஞ்சு காட்டினாத்தான் கீழ இருக்கறவன் செய்வான்" என்பது அப்பாவின் கொள்கை. அதன் விளைவுதான் டிரம்.

ஒருவழியாக அவரை உருவி எடுத்தோம். சட்டைப் பொத்தான்கள் உள்ளேயே தங்கிவிட்டன. அடுத்து பொட்டலத்தின் முறை. துடைப்பக் கட்டைவரை கம்பீரமாக ஓடியது. முகர்ந்தது. பிறகு எல்லாவற்றையும் சுற்றிக்கொண்டு நேரே மேடைக்குப் போய் ஏறிச் சுருண்டு படுத்துவிட்டது.

தேர்வு அறையில் நான் செய்ததும் இதுதான். மூன்றாம் கேள்விவரை போனேன். அப்புறம் பேனாவை மூடிவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

"சாப்பாட்டுக்கு மட்டும் முதல்ல வந்து நில்லு," என்று அம்மா அதை அதட்டினாள்.

"திட்டாத, விடு." அப்பா மேடை அருகே மண்டியிட்டு அதன் காதைத் தடவினார். "அவனுக்கு இதுல இஷ்டமில்ல. இஷ்டமில்லாதவனை ஓடவெச்சா மனசு ஒடிஞ்சுபோயிடும். அவனுக்கு எது வருதோ அதைச் செய்யட்டும்."

"அதுக்குத் தூங்கத்தான் வருது."

"தூங்கட்டுமே. இப்ப என்ன அவசரம்?"

இவ்வளவு உயர்ந்த மனிதவளக் கோட்பாட்டை நான் கேட்டதேயில்லை. கண் கலங்கிவிட்டது. இதுதான் நேரம் என்று வாயைத் திறந்தேன்.

"அப்பா..."

"நீ இன்னும் இங்க என்ன பண்ற? உள்ள போய்ப் படி. ரிசல்ட் வந்தா போதுமா? அடுத்த தேர்வு இருக்குல்ல? நம்ம வீட்டு இன்ஜினியர் ஒரு நிமிஷம்கூட வீணாக்கக் கூடாது."

இப்போது வீடே தூங்குகிறது, என்னைத் தவிர. ஜன்னல் வழியே பார்க்கிறேன். பொட்டலம் இன்னும் மேடையில்தான் இருக்கிறது, யாரும் எழுப்பவில்லை. அப்பா தன் பழைய போர்வையைக்கூடப் போர்த்திவிட்டிருக்கிறார். விடிவதற்குள் நானும் போய் அதன் பக்கத்தில் சுருண்டு படுத்துக்கொண்டால், அப்பா என் காதைத் தடவுவாரா, திருகுவாரா?